தோரிபியோவின் திக்கல்

எவரிஸ்தோ பகான் பேசிப் பழகியதே அண்ணனுக்காகத்தான் என்று எங்கள் தீவின் மலையூரான யாவ்கோவில் சொல்வார்கள். அண்ணன் தோரிபியோ ஆள் திடகாத்திரமானவன். மலைச்சரிவிலிருந்து காப்பி மூட்டையைத் தனியாளாகச் சுமந்து இறக்குவான். ஆனால் வாயைத் திறந்தால் முதல் எழுத்திலேயே சொல் சிக்கிக்கொள்ளும். வலது கையால் தொடையில் ஓங்கி ஒரு தட்டு. இடது கண்ணை இறுக்கி ஒரு மூடல். அதற்குப் பிறகுதான் அந்தச் சொல் வெளியே வந்து விழும். கடையிலும் பள்ளிக்கூடத்திலும் பாதிரியார் முன்னாலும் தம்பிதான் அவனுக்குப் பதிலாகப் பேசினான். "எங்கண்ணன் என்ன சொல்றான்னா..." என்று தொடங்கி, அண்ணன் மனதில் இருப்பதைக் கேட்பவர்கள் சிரிக்கும்படியாகவோ கண் கலங்கும்படியாகவோ சொல்லிவிடுவான். நாலு பேரைத் தன் குரலால் கட்டிப்போடும் ருசி அவனுக்கு அங்கேதான் ஒட்டிக்கொண்டது.

சான் ஹுவானில் ஒரு நாடகக் குழு ஆள் எடுப்பதாகக் கேள்விப்பட்டபோது அவனைக் கூட்டிப்போனவனும் தோரிபியோதான். அப்போது அவன் புதிதாக ஒரு கார் வாங்கி, யாவ்கோவுக்கும் போன்ஸேவுக்கும் இடையே ஆட்களைச் சேர்த்து ஏற்றி ஓட்டிக்கொண்டிருந்தான். மற்ற ஓட்டுநர்கள் சதுக்கத்தில் நின்று "போன்ஸே! போன்ஸே!" என்று கத்தி ஆள் பிடிப்பார்கள். தோரிபியோவுக்கு அது முடியாது. ஒரு பலகையில் ஊர்ப்பெயரை எழுதி முன்கண்ணாடியில் தொங்கவிட்டு, பேசாமல் நிற்பான். அவன் வண்டிதான் முதலில் நிறையும். அவ்வளவு நல்ல பெயர். அன்றைய ஓட்டத்தை விட்டுவிட்டுத் தம்பியைத் தலைநகருக்குக் கொண்டுபோய், நாடகக் கொட்டகை வாசலில் வெயிலில் காத்திருந்தான். தம்பி சிரித்துக்கொண்டு வெளியே வந்ததும் அவனைத் தூக்கி ஒரு சுற்றுச் சுற்றினான்.

அங்கிருந்து நியூயார்க். முதலில் ஓட்டலில் தட்டுக் கழுவினான் எவரிஸ்தோ. மாலையில் ஹார்லெமில் ஒரு சவப்பெட்டிக் கடைக்கு மேலே இருந்த கூடத்தில் எங்கள் தீவு ஆட்களுக்காக நாடகம் போட்டான். கொஞ்சம் கொஞ்சமாக ஆங்கிலம் அவன் நாக்குக்கு வசப்பட்டது. பிறகு ஒரு பெரிய மேடையில், கப்பலில் மூட்டை இறக்கும் தொழிலாளியாக, நாடகம் முழுவதையும் தோளில் சுமக்கும் முக்கிய வேடம் கிடைத்தது. அந்த நாடகம் மாதக்கணக்கில் ஓடியது. எங்கள் தீவுக்காரன் ஒருவன் அந்த ஊர் மேடையில் நடுவில் நின்றதும், மற்றவர்கள் அவனைச் சுற்றி நின்றதும் இதுவே முதல் தடவை என்று யாவ்கோ சதுக்கத்தில் பேச்சு. செய்தித்தாளில் வந்த படத்தைத் தோரிபியோ வெட்டிக் காரில் ஒட்டிவைத்தான்.

அந்த நாடகத்தைப் பார்த்துத்தான் ஹாலிவுட் கூப்பிட்டது. ஆனால் அங்கே அவனுக்குக் கிடைத்ததெல்லாம் குதிரையும் கத்தியும். கொள்ளைக்காரனாக வருவான், பல்லைக் காட்டுவான், கதாநாயகன் சுட்டதும் செத்துப்போவான். யாவ்கோவில் அவன் படம் வரும்போதெல்லாம் அண்ணன் மனைவி எர்மீனியா கேட்பாள்: "இந்தப் படத்துலயாவது உசிரோட வீடு போய்ச் சேருவானா உங்க தம்பி?"

அப்படி உயிரோடு வீடு சேர்ந்த படம் ஒன்றும் வந்தது. அது ஒரு சிரிப்புப் படம். பண்ணை முதலாளி ஒருவருக்குப் பெபித்தோ என்று ஒரு பயந்தாங்கொள்ளி வேலைக்காரன். பெரிய வேடம். சுவரொட்டியில் பெயர் வரும் என்றார்கள். முதல் சில நாட்கள் எவரிஸ்தோ என்ன செய்தும் ஒருவரும் சிரிக்கவில்லை.

"என்னப்பா, சாவு வீட்டுக்கு வந்தவன் மாதிரி நிக்கிற? சிரிக்க வைப்பேன்னுதானே உன்னைக் கூட்டிவந்தோம்?" என்றார் இயக்குநர்.

மறுநாள் படப்பிடிப்புக்கு வந்தபோது, உடை மாற்றும் அறை வாசலில் இன்னொருவன் உட்கார்ந்திருந்தான். பெபித்தோ வேடத்துக்கான அதே கிழிந்த ஓலைத்தொப்பி அவன் மடியில்; எவரிஸ்தோ தேறாவிட்டால் அவனுக்குப் பதிலாக நடிக்க வந்தவன். எவரிஸ்தோவைப் பார்த்துச் சங்கடமாகத் தலையசைத்தான்.

கேமரா ஓடத் தொடங்கியது. முதலாளி வேடக்காரர் "குதிரை எங்கேடா?" என்று அதட்டினார். எவரிஸ்தோவின் வலது கை தானாகத் தொடையில் விழுந்தது. இடது கண் இறுக மூடியது. "எ... எ... எ... எசமான்!"

விளக்குப் பிடித்தவன் முதல் ஆளாகச் சிரித்தான். பிறகு எல்லாரும். இயக்குநர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, "அதுதான்! அதை விட்டுடாதே!" என்று கத்தினார். எவரிஸ்தோவுக்கு உடம்பெல்லாம் குளிர்ந்தது. அந்தக் குளிர்ச்சியில் அவன் இன்னும் ஒரு படி போனான். "பயத்துல அவர் கால்ல விழுந்து பூட்ஸுக்கு முத்தம் கொடுக்கட்டுமா?" என்று கேட்டவன் அவன்தான். யாரும் அப்படிச் செய்யச் சொல்லவில்லை. மத்தியானம் சோற்றின் முன்னால் உட்கார்ந்தபோது ஒரு வாய்கூட இறங்கவில்லை. யாவ்கோ எங்கே இருக்கிறது, இது எங்கே நடக்கிறது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான்.

படம் பேயாக ஓடியது. தெருவில் போனால் சின்னப் பிள்ளைகளெல்லாம் தொடையைத் தட்டி "எ... எ... எசமான்!" என்றார்கள். அவனும் தட்டிக் காட்டினான். ஊரிலிருந்து நகர மன்றம் அழைப்பு அனுப்பியது. தீவின் பெயரை உலகுக்குக் காட்டிய மகனுக்குப் பாராட்டு விழா.

சான் ஹுவான் விமான நிலையத்துக்குத் தோரிபியோ காரோடு வந்திருந்தான். கட்டிப்பிடித்தான், பெட்டியைப் பிடுங்கிக்கொண்டான். மலைப்பாதையில் வண்டி ஏறும்போது சொன்னான்: "ப... ப... படம் நாளைக்கு." ஸ்டியரிங்கை விட்டுக் கை தொடையில் விழுந்தது. எவரிஸ்தோ வெளியே பார்த்தான்.

"என்ன படம் அண்ணே?"

"உ... உன் படம்தான்டா. வேலைக்காரனா வர்றியாமே. காசிமீரோ கொட்டகையில. எனக்கு மு... முன்வரிசை." முகமெல்லாம் சிரிப்பு.

வழியில் வறுத்த பன்றிக்கறி விற்கும் இடத்தில் நிறுத்திச் சாப்பிட்டார்கள். அங்கே சொல்லிவிடலாம் என்று எவரிஸ்தோ வாயைத் திறந்தான். "அண்ணே, அந்தப் படத்துல..." அதற்குள் கடைக்காரர் அவனை அடையாளம் கண்டு ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டார். அப்புறம் வழி நெடுக எத்தனையோ சந்தர்ப்பம் வந்தது. ஒன்றையும் அவன் எடுத்துக்கொள்ளவில்லை.

ஊர் வந்ததும் வீட்டுக்குள் பெட்டியை வைத்துவிட்டு நேராகத் திரையரங்குக்குப் போனான். அதன் முதலாளி, ஊரார் மரியாதையாகத் 'தோன்' போட்டு அழைக்கும் காசிமீரோ, நாற்காலிகளைத் துடைக்கச் சொல்லி அதட்டிக்கொண்டிருந்தார்.

"தோன் காசிமீரோ, அந்தப் படம் வேண்டாம். வேற ஏதாவது போடுங்க. அந்தக் கொள்ளைக்காரன் படம் இருக்கில்ல?"

"அதுல நீ ஆரம்பத்துலயே செத்துடுறியேப்பா! செத்தவனுக்கா பாராட்டு விழா எடுக்கிறது?"

"இந்தப் படம் அவ்வளவு நல்லாருக்காது."

"அமெரிக்காவே சிரிக்குது, உனக்குத்தான் நல்லால்லையா? அடக்கம்டா உனக்கு, அடக்கம்! போய்த் தூங்கு போ." அவன் முதுகில் தட்டி அனுப்பிவிட்டார்.

வீட்டில் எர்மீனியா தோரிபியோவின் வெள்ளைச் சட்டையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அடுப்பில் துவரைச் சோறு வெந்துகொண்டிருந்தது.

"அண்ணே, நாளைக்கு நீ வராட்டி என்ன? கூட்டமா இருக்கும், புழுங்கும்..." என்றான்.

தோரிபியோ புரியாமல் பார்த்தான். எர்மீனியா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "போன வாரத்துலருந்து இந்தச் சட்டையப் போட்டுப் பாக்கிறதும் கழட்டுறதுமா இருக்காரு மனுசன். நீ என்னன்னா வராதங்கிற. பெரிய ஆளுங்க மத்தியில கார் ஓட்டுற அண்ணன் உக்காந்தா உனக்குக் கௌரவக் குறைச்சலா?"

"ஐயோ, அதில்ல அண்ணி."

"அப்ப வாய மூடிக்கிட்டுச் சாப்பிடு."

அவனும் வாயை மூடிக்கொண்டு சாப்பிட்டான்.

ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிந்து ஊரே திரையரங்குக்கு வந்தது. முன்வரிசையில் நகரத் தலைவர், பாதிரியார், எவரிஸ்தோ, அவன் பக்கத்தில் தோரிபியோ, அடுத்து எர்மீனியா. விளக்கு அணைந்தது. சுவரொட்டியில் வந்த அதே எழுத்தில் எவரிஸ்தோவின் பெயர் திரையில் வந்ததும் கூரை இடிந்துவிடும்போலக் கைதட்டல். தோரிபியோ அவன் கையைப் பிடித்து அழுத்தினான்.

பெபித்தோ வந்தான். முதலாளி அதட்டினார். கை தொடையில் விழுந்தது, கண் மூடியது, "எ... எ... எ..."

கொட்டகையில் சத்தமே இல்லை. அப்போது மாடியிலிருந்து ஒரு குரல்:

"அடேய், இது நம்ம தோரிபியோடா!"

அவ்வளவுதான். பின்வரிசை முதல் முன்வரிசை வரை சிரிப்பு உடைந்து கொட்டியது. யாரும் கெட்ட மனதோடு சிரிக்கவில்லை. தெரிந்த முகத்தை எதிர்பாராத இடத்தில் பார்த்துவிட்டவர்களின் சிரிப்பு அது. பாதிரியார்கூடக் கைக்குட்டையால் வாயைப் பொத்தினார். தோரிபியோவும் சிரித்தான். எழுந்து நின்று, பின்பக்கம் திரும்பிக் கையை உயர்த்திக்காட்டி உட்கார்ந்தான். அதற்கும் ஒரு கைதட்டல் எழுந்தது. தப்பித்துவிட்டோமோ என்று எவரிஸ்தோவுக்கு ஒரு நப்பாசை வந்தது.

படம் ஓட ஓட அந்த நப்பாசை கரைந்தது. பெபித்தோ கோழியைக் கண்டு பயந்தான். முதலாளியின் மகள் அவன் திக்கலைப் போலப் பேசிக் காட்டினாள். அவன் தட்டத் தட்ட, யாரோ அவன் தொடைக்கு நேரே சூடான பாத்திரத்தைப் பிடித்தார்கள். கடைசியில் அந்தக் காட்சி. தரையில் விழுந்து, பூட்ஸைக் கட்டிக்கொண்டு, முத்தம் கொடுத்து, "எ... எ... எசமான்." கொட்டகை குலுங்கியது. எவரிஸ்தோவின் கையைப் பிடித்திருந்த கை எப்போதோ விலகியிருந்தது. பக்கத்தில் திரும்பிப் பார்க்க அவனுக்குத் துணிவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தான். அங்கே அவன் முகத்தோடு அவன் அண்ணன் தரையில் கிடந்தான்.

விளக்கு எரிந்ததும் நகரத் தலைவர் அவனை மேடைக்கு அழைத்தார். கழுத்தில் பதக்கம் போட்டார். "பேசுங்க பேசுங்க" என்று கூட்டம் கத்தியது. இப்போது சொல்லலாம். இது தப்பு என்று, திருடினேன் என்று, எல்லார் முன்னாலும் சொல்லலாம். ஆனால் ஆயிரம் முகம் தன்னை நிமிர்ந்து பார்த்ததும் பழைய ருசி நாக்கில் ஏறிவிட்டது. தீவைப் பற்றி, தாய்மொழியைப் பற்றி அழகாகப் பேசினான். கடைசியில், அண்ணனுக்கு மரியாதை செய்வதாக நினைத்துக்கொண்டு சொன்னான்: "எனக்குத் தெரிஞ்சதெல்லாம் எங்கண்ணன் தோரிபியோகிட்ட கத்துக்கிட்டதுதான்."

கூட்டம் வெடித்துச் சிரித்தது. நாலு பக்கமும் தொடையைத் தட்டினார்கள்.

தோரிபியோ இந்தத் தடவை எழுந்திருக்கவில்லை.

மூவரும் சதுக்கத்தைத் தாண்டி நடந்தே வந்தார்கள். வீட்டுக் கதவைச் சாத்தியதும் எர்மீனியா திரும்பினாள்.

"இதுக்குத்தான் வராதன்னியா? கூடப் பொறந்தவனக் கோமாளியாக்கி ஊர் ஊராக் காட்டிட்டு, கழுத்துல அதையும் மாட்டிக்கிட்டு வர்ற! அதக் கழட்டு மொதல்ல. பாக்கவே சகிக்கல."

எவரிஸ்தோ பதக்கத்தைக் கழற்றி எங்கே வைப்பது என்று தெரியாமல் கையில் வைத்துக்கொண்டு நின்றான்.

"வி... விடு" என்றான் தோரிபியோ அவளிடம். நாற்காலியில் உட்கார்ந்து சட்டைப் பொத்தான்களை ஒவ்வொன்றாகக் கழற்றினான். கடைசிப் பொத்தானையும் கழற்றிவிட்டுத் தம்பியைப் பார்த்தான்.

"நா... நான் அப்படித்தான் இருக்கேனா? எ... எனக்குத் தெரியாது. நம்மள நாமே பாக்க முடியாதில்ல."

"அண்ணே..."

"அந்தக் க... கை என்னோடது. கண்ணும் என்னோடதுதான். சரியாத்தான் பண்ணியிருக்க." மூச்சு வாங்கினான். "ஆனா நான் யார் காலுலயும் வி... விழுந்ததில்ல. முத்தம் கொடுத்ததில்ல. அ... அது என்னோடது இல்ல தம்பி. அது உன்னோடது."

கோபத்தில் அவன் அப்படிச் சொல்லவில்லை. மூட்டையைப் பிரித்து இது உனக்கு, இது எனக்கு என்று ஒதுக்கிவைப்பவனைப் போல நிதானமாகச் சொன்னான். எவரிஸ்தோவுக்குக் காது மடலிலிருந்து பாதம் வரை எரிந்தது. அத்தனை வருடமும் அத்தனை படத்திலும் தான் செய்தது என்ன என்று யாரும் அவனுக்கு இவ்வளவு சுருக்கமாகச் சொன்னதில்லை.

மறுநாள் காலை அண்ணனோடு சதுக்கத்துக்குப் போனான். தோரிபியோ பலகையைத் தொங்கவிட்டதும் மற்ற ஓட்டுநர்கள் ஆரம்பித்துவிட்டார்கள்.

"எ... எ... எசமான் வந்துட்டார்டா!"

"ஹாலிவுட் போற வண்டி இதுதானா?"

மனைவியோடு வண்டியில் ஏறிய ஒரு கிழவர், நல்ல மனிதர்தான், "ஒரு தடவ தட்டிக் காட்டேன் தோரிபியோ, என் பொண்டாட்டி நேத்து வரல" என்று கேட்டார். தோரிபியோ பதில் சொல்ல வாயெடுத்தான். தொடையை நோக்கி இறங்கிய கை பாதியில் நின்றுவிட்டது. அந்தச் சொல் வெளியே வரவேயில்லை. வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

எவரிஸ்தோ அடுத்த விமானத்தில் கிளம்பினான். அந்தக் காரை அண்ணன் விற்றுவிட்டதாகவும், யாரோடும் பேசத் தேவையில்லாத கரும்பு லாரியில் சேர்ந்துவிட்டதாகவும் சில மாதம் கழித்து யாவ்கோவிலிருந்து வந்த ஒருவர் சொன்னார்.

அதற்குள் பெபித்தோவின் இரண்டாவது படத்துக்கு அவன் ஒப்புக்கொண்டிருந்தான். முதல் நாள் படப்பிடிப்பில் முதலாளி அதட்டினார். எவரிஸ்தோ தடங்கலில்லாமல், தெளிவாக, "குதிரை லாயத்துல இருக்கு எசமான்" என்றான்.

"எங்கே அது? தட்டுறது எங்கே?" என்றார் இயக்குநர்.

"அது என்னோடது இல்ல. எங்கண்ணனோடது."

"அப்படின்னா உங்கண்ணனையே வரச்சொல்லேன்!"

எல்லாரும் சிரித்தார்கள். எவரிஸ்தோ ஓலைத்தொப்பியைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு வெளியே நடந்தான். அன்றைக்குக் கொஞ்சம் தலை நிமிர்ந்தது உண்மை. ஆனால் அந்தத் தொப்பியை மறுநாளே எடுத்து மாட்டிக்கொண்டான், முன்பு மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தவன். அவன் தோரிபியோவைப் பார்த்ததே இல்லை. ஆனாலும் அதே கையைத் தொடையில் தட்டினான், அதே கண்ணை மூடினான். மூன்றாவது படம் வந்தது, நான்காவதும் வந்தது. எவரிஸ்தோ அவிழ்த்துவிட்டதை அதற்குப் பிறகு யாராலும் பிடித்துக் கட்ட முடியவில்லை.

ஹாலிவுட் அவனை மறுபடி கூப்பிடவில்லை. நியூயார்க்குக்குத் திரும்பி, பிராங்ஸில் ஒரு தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் நாடகக் குழு தொடங்கினான். எங்கள் ஆட்கள் வேலை முடிந்து அழுக்கு உடையோடு வந்து உட்கார்ந்து பார்த்தார்கள். மருத்துவர், நீதிபதி, காதலன், கொலைகாரன் என்று எல்லா வேடமும் எங்கள் ஆட்களே போட்டார்கள். அங்கிருந்து கிளம்பிப்போன பலர் பெரிய மேடைகளுக்கும் திரைக்கும் போனார்கள். பத்திரிகைகள் அவன் படத்தின் கீழே 'முன்னோடி' என்று போட்டன. அந்தச் சொல்லைப் படிக்கும்போதெல்லாம் அவனுக்கு முகம் சுட்டது. விருந்துகளில் யாராவது குடித்துவிட்டு, "ஒரே ஒரு தடவ, அந்த எசமான்..." என்று கேட்பார்கள். அவன் தட்டைக் கீழே வைத்துவிட்டுக் கிளம்பிவிடுவான். ஊருக்கு மட்டும் போகவில்லை. அடுத்த வருடம், அடுத்த வருடம் என்று தள்ளிக்கொண்டே வந்தான்.

தலை முழுக்க நரைத்த பிறகு அவன் குழு சான் ஹுவானில் நாடகம் போட வந்தது. எவரிஸ்தோ அதில் மகனை இழந்த மீனவனாக நடித்தான். திரை விழுந்து முகத்துப் பூச்சைத் துடைத்துக்கொண்டிருந்தபோது கதவருகே நிழல் தட்டியது. தோரிபியோ. தோள் குறுகியிருந்தது. வலது கை கால்சட்டைப் பைக்குள் இருந்தது.

எவரிஸ்தோ எழுந்தான். தோரிபியோ பேச முயன்றான். சொல் சிக்கியது. பைக்குள் இருந்த கை தொடையை நோக்கி அசைந்தது, ஆனால் வெளியே வரவில்லை. அந்தச் சொல் தானாக விழும்வரை அவன் காத்திருந்தான். முன்பைவிட எவ்வளவோ நேரம் பிடித்தது. முகம் சிவந்து வியர்த்தது. எவரிஸ்தோவுக்கு அப்போதுதான் புரிந்தது. அண்ணனின் சொற்களுக்குக் கதவைத் திறந்துவிட்டுக்கொண்டிருந்தது அந்தத் தட்டல்தான். அதைத் திரையில் வைத்து அடைத்துவிட்டது தம்பிதான். சிறுவயதுபோல அந்தச் சொல்லைத் தானே சொல்லி முடிக்க நாக்குத் துடித்தது. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றான்.

"ந... ந... நல்லாருந்துச்சு. இ... இதுல நீ சாகல."

சிரிக்க வேண்டிய பேச்சுதான். எவரிஸ்தோவால் முடியவில்லை.

"அண்ணே, என்னை மன்னிச்சிரு. அன்னிக்கு மேடையிலயே சொல்லியிருக்கணும். வழியில கார்லயே சொல்லியிருக்கணும். அங்க, அந்தக் கேமரா முன்னாடியே கையக் கட்டிப்போட்டிருக்கணும். எதையும் செய்யல."

தோரிபியோ இடது கையால் தம்பியின் கன்னத்தில் ஒட்டியிருந்த பூச்சைத் துடைத்துவிட்டான்.

"நா... நான் எப்பவோ விட்டாச்சு. எ... எர்மீனியா விடல. வெளியே லாரியில உக்காந்திருக்கா. உ... உள்ள வரமாட்டேன்னுட்டா. போய்ப் பாரு."

எவரிஸ்தோ பின்வாசல் வழியாகத் தெருவுக்கு வந்தான். ரசிகர்கள் சிலர் காத்திருந்தார்கள், கையெழுத்துக்காகச் சூழ்ந்தார்கள். விலக்கிக்கொண்டு போனான். லாரியின் முன்சீட்டில் எர்மீனியா நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். அவனைக் கண்டதும் கண்ணாடியை இறக்கினாள்.

"வந்துட்டியா? பெரிய மனுசன். அந்த மனுசன் அதுக்கப்புறம் என்கிட்டகூட வாயத் திறந்து பேசுறதக் குறைச்சுட்டாரு, தெரியுமா உனக்கு? பேரப் பிள்ளைங்க டீவியில அந்தக் கண்றாவியப் பாத்துச் சிரிக்குதுங்க. இவரு கூடவே உக்காந்திருக்காரு. அதுங்ககிட்ட என்னன்னு சொல்லுவேன் நான்? உங்க தாத்தாவோட தம்பி முன்னோடின்னு சொல்லவா?"

ரசிகர்கள் சற்றுத் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். எவரிஸ்தோ தலையைக் குனிந்தான்.

"சொல்லுங்க அண்ணி" என்றான்.

அவள் சொன்னாள். நிறைய இருந்தது சொல்வதற்கு. லாரிக் கதவைப் பிடித்துக்கொண்டு, ஒரு வார்த்தைகூட எதிர்த்துப் பேசாமல், அவள் முடிக்கும்வரை அவன் அங்கேயே நின்றான்.